முடியும் சார்

அம்சவல்லி தன் போனை வீட்டிலேயே விட்டுவிட்டு வேலைக்குப் போனது அந்தத் திங்கட்கிழமைதான் முதல் தடவை. போன் இல்லாமல் பஸ் ஏறியது அவளுக்கு ஒரு காதில் கம்மல் இல்லாத மாதிரி இருந்தது. ஆனால் வேறு வழியில்லை. விடியற்காலை நாலே முக்காலுக்கு, தலையைக்கூட முடியாமல், புருஷன் புருஷோத்தமன் எதிரில் குந்திக்கொண்டு பாடம் நடத்தினாள்.

"தோ பாரு. மணி அடிச்சா இந்தப் பச்சைய மேலாக்கத் தள்ளணும். செகப்பத் தொட்டன்னு வெய்யி, அவ்ளோதான், கட்டாயிடும்."

"தெரியும்மே. நான் இன்னா போனே பாக்காத ஆளா?"

"பாத்த ஆளுதான். இடது கையில தள்ளிப் பாத்துகீறியா? தள்ளு."

தள்ளினான். இரண்டாம் தடவை சரியாகத் தள்ளினான். அவள் ஸ்டூலை வாசலை ஒட்டிய அவன் நாற்காலிக்கு இடது பக்கமாக இழுத்துப் போட்டு, அதன்மேல் போனை வைத்து, பக்கத்தில் இரண்டு சொம்பு தண்ணீரையும் வைத்தாள். தட்டு போட்டு மூடினாள். சித்திரை வெயில் அப்படி. சேரப்பணஞ்சேரியில் அந்த வருஷம் காக்காய்கூடப் பகலில் கத்தவில்லை.

விஷயம் இதுதான். ஒரகடத்தில் கார்ப் பாகம் செய்யும் கம்பெனி ஒன்றில் அம்சவல்லிக்குக் கேண்டீன் வேலை. கேட்டைத் தாண்டி போன் போகக் கூடாது. செக்யூரிட்டி அறை டப்பாவில் போட்டுவிட்டு டோக்கன் வாங்கிக்கொள்ள வேண்டும். காலை ஆறு மணிக்கு முன்னால் உள்ளே போகிற போன் மத்தியானம் இரண்டரைக்கு மேல்தான் கைக்குத் திரும்பும். பக்கவாதத்தில் வலது பக்கம் விழுந்துபோன புருஷோத்தமனுக்கு மாற்றுத்திறனாளி உதவித்தொகை கேட்டு எழுதிப் போட்ட மனுவில் அவள் நம்பரைத்தான் கொடுத்திருந்தார்கள். மனு ஆபீஸிலிருந்து விசாரிக்கிறவர்கள் போன் பேசுவதோ பத்தரையிலிருந்து ஒரு மணிக்குள். மூன்று தடவை அடித்து, மூன்று தடவையும் போன் டப்பாவுக்குள் கிடந்தபடி கத்தி ஓய்ந்திருக்கிறது.

"இன்னும் ஒரு தபா கூப்புடுவாங்கக்கா. அதுவும் எடுக்கலேன்னா மனுவ மூடிருவாங்க. அப்பால மொதல்லேர்ந்து ஆரம்பிக்கணும்" என்று படப்பையில் இ-சேவை மையம் வைத்திருக்கும் முனிரத்தினம் சொல்லியிருந்தான்.

மொதல்லேர்ந்து என்றால் மறுபடி ஆஸ்பத்திரி, மறுபடி சர்டிபிகேட், ஆட்டோவில் புருஷோத்தமனை ஏற்றி இறக்குவது. நினைத்தாலே அவளுக்கு இடுப்பு வலித்தது.

அந்தப் பணம் வந்தால் என்ன செய்வது என்றுகூட அவள் முடிவு செய்து வைத்திருந்தாள். அதே தெருவில் ரத்னா என்பவள் கம்பெனிப் பையன்களுக்கு மெஸ் நடத்துகிறாள். காலையில் நாலு மணி நேரம் சமையலுக்கு ஆள் வேண்டும், நீ வந்தால் நான் நிம்மதியாக இருப்பேன் என்று இரண்டு மாதமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். சம்பளம் கேண்டீனில் பாதி. ஆனால் பத்து மணிக்கெல்லாம் வீடு. மீதிப் பாதிக்கு உதவித்தொகை கைகொடுக்கும். பகல் முழுக்கப் புருஷன் தனியாக உட்கார்ந்திருக்க வேண்டாம். அவள் ஆசை அவ்வளவுதான், அதற்கு மேல் ஒரு பொட்டுக்கூட இல்லை.

கேண்டீனில் அன்றைக்கு அவளுக்குக் கை ஓடவில்லை. காலை ஷிப்டுக்கு ஆயிரத்து இருநூறு இட்லி. நீராவி அடுப்பிலிருந்து தட்டை உருவி உருவி அட்டைப்பெட்டி அகல ஹாட்பாக்ஸில் தட்ட வேண்டும். வலது கை மணிக்கட்டில் ஆவி பட்டுப் பட்டு அங்கே முடியே முளைப்பதில்லை. இட்லி முடிந்ததும் வெங்காயம். இரண்டு மூட்டை. பத்தரை மணிக்குச் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். பதினொன்றுக்குப் பார்த்தாள். சூப்பர்வைசர் திருமலை அவளைப் பார்த்துவிட்டு, "இன்னாம்மா, கடியாரத்துலயா வெங்காயம் உரிக்கற?" என்றார். அவள் சிரித்து வைத்தாள். மனசுக்குள் பச்சையைத் தள்ளு, பச்சையைத் தள்ளு என்று சொல்லிக்கொண்டே இருந்தாள்.

மூன்றரைக்கு வீட்டு வாசலில் செருப்பை உதறினபோது புருஷோத்தமன் முகமெல்லாம் சிரிப்பு. வாய் ஒரு பக்கம் இழுத்துக்கொண்ட சிரிப்புதான், இருந்தாலும் சிரிப்பு.

"வந்துச்சு" என்றான்.

"வந்துச்சா! எடுத்தியா?"

"எடுக்காம? லீலான்னு ஒரு மேடம். நல்ல மரியாதையா பேசுச்சு. எல்லாத்துக்கும் டக்கு டக்குன்னு பதில் சொல்லிட்டேன்."

அம்சவல்லிக்கு உடம்பே லேசாகிவிட்டது. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு அவன் காலடியில் உட்கார்ந்தாள். "சொல்லு, சொல்லு. இன்னா கேட்டாங்க?"

"தானா சாப்பிட முடியுமான்னாங்க. முடியும் மேடம்னேன்."

"ம்."

"நடக்க முடியுமான்னாங்க. முடியும்னேன். வூட்ல தனியா இருக்க முடியுமான்னாங்க. முடியும்னேன். குளியலு, கக்கூஸு எல்லாம் நீங்களே பாத்துக்க முடியுமான்னாங்க."

"நீ இன்னா சொன்ன?"

அவள் குரல் மாறியது அவனுக்கு அப்போதுதான் உறைத்தது. சிரிப்பு மெல்ல இறங்கியது.

"முடியும்னுதான்" என்றான்.

வாயைத் திறந்தால் தெருவே கூடிவிடும் என்று அம்சவல்லிக்குத் தெரியும். எழுந்து போய், வாசலோரம் பெயிண்ட் டப்பாவில் நின்ற கறிவேப்பிலைக் கன்றிலிருந்து ஒரு கொத்தை வெடுக்கென்று ஒடித்தாள். ஊரெல்லாம் செடி கருகிக்கிடக்கிற அந்த வெயிலிலும் அது மட்டும் தளதளவென்று இருந்தது. வழக்கமாக அதைச் சொல்லியே அவனைக் கிண்டல் செய்வாள். 'என்னைக் கவனிச்சிக்கறியோ இல்லியோ, உன் செடிய நல்லாத்தான் வளக்கற' என்பாள். அன்றைக்குச் சொல்லவில்லை. உள்ளே போய்ப் புளியைக் கரைத்தாள். கரைத்துக்கொண்டே அழுதாள்.

இப்படியும் ஒரு மனுஷன் உண்டா என்று நீங்கள் கேட்கலாம். ஒரகடத்துப் பக்கம் வந்து பாருங்கள். கேட்டைத் தாண்டிப் போகிற காண்ட்ராக்ட் ஆட்களில் முக்கால்வாசிப் பேர் இப்படித்தான். புருஷோத்தமன் ஒரு பெரிய கோடவுனில் பத்தொன்பது வருஷம் ஃபோர்க்லிப்ட் என்கிற சரக்குத் தூக்கும் வண்டி ஓட்டினவன். காண்ட்ராக்ட்தான், கடைசிவரைக்கும். இந்தச் சந்துல இந்தப் பேலட்டுச் சரக்க வெக்க முடியுமா புருசு? முடியும் சார். இன்னைக்கு டபுள் ஷிப்டு பாக்க முடியுமா? முடியும் சார். ஞாயித்துக்கிழமை வர முடியுமா? முடியும் சார். அவனோடு வேலைக்குச் சேர்ந்த கண்ணப்பன் ஒரே ஒரு நாள், ஜுரத்தோடு, "முடியாது சார்" என்றான். மறுநாள் கேட்டில் அவன் கார்டைத் தேய்த்தபோது சிவப்பு விளக்கு எரிந்தது. யாரும் திட்டவில்லை, யாரும் காரணம் சொல்லவில்லை. சிவப்பு விளக்கு எரிந்தது, அவ்வளவுதான். அதைப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தவன் புருஷோத்தமன். அதற்கப்புறம் அந்த வார்த்தை அவன் வாயிலிருந்து போயே போயிற்று.

மறுநாள் வேலை முடிந்து வந்ததும் அம்சவல்லி அந்த நம்பருக்குத் திருப்பிப் போட்டாள். பாட்டு கேட்டது. இணைப்பில் இருங்கள் என்றது. மறுபடி பாட்டு. அடுப்பில் பால் பொங்கியது, இறக்கினாள், பாட்டு ஓயவில்லை. பதினேழு நிமிஷம் கழித்து ஒரு பெண் குரல் வந்தது. லீலாதான்.

"அம்மா, நான் கேட்டேன், அவர் சொன்னார், அதைத்தான் குறிச்சேன். தன் வேலையைத் தானே செய்துகொள்பவர்னு பதிவாகியிருக்கு."

"அது தப்பும்மா. அவரு சும்மா சொல்லிட்டாரு. வலது கையி வராது, கால் வராது. நான் இல்லேன்னா ஒண்ணும் ஆவாது."

"நீங்க சொல்றதை நான் எழுத முடியாதும்மா. அவரேதான் சொல்லணும். மறு விசாரணைன்னு போடறேன். வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்கு நானே கூப்பிடறேன். நீங்க பக்கத்துல இருக்கலாம், ஆனா எடுத்துக் கொடுக்கக் கூடாது. ஒரு தடவைதான்மா மறு விசாரணை."

குரலில் கடுப்பு இல்லை. நாளெல்லாம் பேசிப் பேசித் தொண்டை கட்டின குரல். அம்சவல்லிக்கு அவள்மேல் கோபப்படக்கூட முடியவில்லை.

அன்று சாயங்காலமே ஒத்திகை ஆரம்பித்தது. பக்கத்து அறையில் வாடகைக்கு இருக்கிற அருள்பாண்டியும் பல் துலக்கிக்கொண்டே வந்து சேர்ந்தான். கமுதிப் பக்கத்து ஆள். முப்பது வயசு. புருஷோத்தமன் ஓட்டின அதே ஃபோர்க்லிப்டை இப்போது ஓட்டுகிறவன். எப்போதும் ராத்திரி ஷிப்டுதான். காலை ஏழுக்கு வந்து, புருஷோத்தமனுக்கு இட்லிப் பொட்டலத்தைப் பிரித்துக் கொடுத்துவிட்டுப் படுத்தால் மூன்று மணிவரை இடி விழுந்தாலும் தெரியாது. நடுவில் பின்பக்கம் கக்கூஸுக்குப் போக வேண்டுமானால் இவனை எழுப்பிக்கொள் என்று அம்சவல்லி புருஷனிடம் சொல்லி வைத்திருந்தாள். சரி சரி என்று அவனும் தலையாட்டியிருந்தான்.

"நான் லீலா மேடம்" என்றாள் அம்சவல்லி, போனுக்குப் பதில் தோசைத் திருப்பியைக் காதில் வைத்துக்கொண்டு. "ஐயா, உங்களால தனியா நடக்க முடியுமா?"

புருஷோத்தமன் வாயைத் திறந்தான். மூடினான். நெற்றி வேர்த்தது.

"கொஞ்சம் முடியும்."

"யோவ்!"

"கொஞ்சம்னு சொன்னேனே."

"கொஞ்சமும் வோணாம், நெறையவும் வோணாம். முடியாதுன்னு சொல்லு. மூணெழுத்தோ நாலெழுத்தோ, அதச் சொல்றதுக்கு இன்னா?"

"அண்ணே, நான் ஒரு ரோசனை சொல்லட்டா?" என்றான் அருள்பாண்டி. "வெள்ளிக்கெழமை நான் முழிச்சிருக்கேன். போனு வந்தா நான் பேசிர்றேன். நான்தான் புருசோத்தமன், எனக்குக் கையும் வரல காலும் வரலன்னு அழுதுபுடுறேன். அவுகளுக்கு மொகமா தெரியப்போகுது?"

அம்சவல்லிக்கு ஒரு நிமிஷம் ஆசையாகத்தான் இருந்தது. மறைப்பானேன், நன்றாகவே இருந்தது. புருஷன் முகத்தைப் பார்த்தாள்.

"வோணாம்டா. என் பேர்ல நீ அழுவாத" என்றான் புருஷோத்தமன்.

"நீ அழுவ மாட்ட, அவனையும் அழுவ வுடமாட்ட. அப்ப நான்தான் அழுவணும். காலம்பூரா அந்த இட்லித் தட்டத் தூக்கிகினு நான் ஓடணும், நீ இங்க ராசா மாரி குந்திகினு முடியும் முடியும்னு சொல்லணும்." வாயிலிருந்து வந்தபிறகுதான் அவளுக்கே அது அதிகம் என்று பட்டது. வந்தது வந்துவிட்டது.

அவன் வலது கையை இடது கையால் எடுத்து மடியில் வைத்துக்கொண்டான்.

"பொய் சொல்லணும்னு எனக்கு ஆச இல்ல அம்சா. கேள்வி வந்தா பதிலு தானா வந்துருது. நான் சொல்றதுக்கு முன்னாலயே வாய் சொல்லிடுது" என்றான்.

அருள்பாண்டி வாய் கொப்பளித்துவிட்டு வந்து வாசற்படியில் உட்கார்ந்தான். "மதினி, அண்ணன வையாதீக. ஒங்களுக்குத் தெரியாது. அண்ணன் விழுந்த அன்னைக்கு நாந்தானே அடுத்த ஷிப்டு. உள்ள போறேன், வண்டிய ஓரமா நிப்பாட்டிச் சார்ஜில போட்டுட்டு நிக்கிறாரு. வாய் கோணிருச்சு. வார்த்தை கொழகொழங்குது. அப்பயும் என்னையப் பாத்து, பேட்டரி முப்பதுதான் இருக்கு, ஆறாவது ரேக்குல கால் வளஞ்சிருக்கு, மேல்தட்டுல வைக்காதன்னு ஹேண்ட் ஓவர் குடுத்துட்டுத்தான் விழுந்தாரு. அந்த ரேக்குல நான் வச்சிருந்தேன்னா அன்னைக்கே நசுங்கிருப்பேன். சூப்பர்வைசர்ட்ட எல்லாம் முடியும்னு சொல்லுவாரு, ஆனா ஹேண்ட் ஓவர்ல ஒரு சொல்லு பொய் சொல்ல மாட்டாரு."

"ஹேண்ட் ஓவர்ல பொய் சொன்னா ஆளு செத்துருவான்டா" என்றான் புருஷோத்தமன், ஏதோ மிகச் சாதாரண விஷயம் போல.

அத்தோடு ஒத்திகை முடிந்தது. புதன், வியாழன் இரண்டு நாளும் அம்சவல்லி அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. வியாழக்கிழமை ராத்திரி அவனுக்கு மறுபடி நீர்க்கடுப்பு. அந்த வருஷம் அது மூன்றாவது தடவை. தண்ணி நிறையக் குடிக்கச் சொல்லும்மா என்று டாக்டர் சொன்னதிலிருந்துதான் அவள் ஒரு சொம்பை இரண்டு சொம்பாக்கியிருந்தாள். சாயங்காலம் வந்து பார்த்தால் இரண்டும் காலியாகத்தான் இருக்கும். குடித்தும் இப்படி வருதே, உடம்பு வாகு போல என்று நினைத்து, வெந்தயத்தை மோரில் ஊறப் போட்டுக் கொடுத்தாள்.

வெள்ளிக்கிழமை லீவு சொல்லிவிட்டாள். பத்து மணிக்கே அவனைக் குளிப்பாட்டி, வெள்ளைச் சட்டை போட்டு, தலை வாரி நாற்காலியில் உட்கார வைத்தாள். போனில் பேசுவதற்கு எதற்கு வெள்ளைச் சட்டை என்று அவளுக்கும் தெரியவில்லை. அவனும் கேட்கவில்லை. பக்கத்து அறையில் அருள்பாண்டியின் குறட்டை கேட்டது. ஷீட் கூரை சூட்டில் படபடவென்று முறுக்கிக்கொண்டது.

பதினொன்று ஐந்துக்கு மணி அடித்தது. அவன் பச்சையை மேலே தள்ளினான். அவள் ஸ்பீக்கரை அழுத்திவிட்டுக் கதவோரம் போய் நின்றுகொண்டாள்.

"புருஷோத்தமன் ஐயாங்களா? மறு விசாரணை. பக்கத்துல யாராவது இருக்காங்களா?"

"என் வூட்டுக்காரம்மா கீது மேடம்."

"இருக்கட்டும். அவங்க பேசக் கூடாது. நான் கேக்கறதுக்கு நீங்க பதில் சொல்லுங்க. யார் துணையும் இல்லாம உங்களால நடக்க முடியுமா?"

அம்சவல்லி கண்ணை மூடிக்கொண்டாள்.

"முடி..." என்றான். நின்றான். மூச்சு வாங்கியது. தெருவில் ஒரு கம்பெனி பஸ் போகிற சத்தம் மட்டும் கேட்டு ஓய்ந்தது.

"மேடம், ஒண்ணு கேக்கட்டுமா? முடியுமா முடியாதான்னு என்னக் கேக்காதீங்க. அப்புடிக் கேட்டா என் வாயில ஒண்ணுதான் வரும். பத்தொம்பது வருசம் அத மட்டும் சொல்லிச் சொல்லிப் பழகிட்டுது. நான் ஹேண்ட் ஓவர் மாரி சொல்றேன். நீங்களே பாத்து எழுதிக்குங்க."

"ஹேண்ட் ஓவர்னா?"

"ஷிப்டு முடிஞ்சா அடுத்த ஆளுக்குச் சொல்லிட்டு வர்றது மேடம். வண்டி எப்புடி கீது, எது வேல செய்யுது, எது செய்யல. உள்ளது உள்ளபடி சொல்லணும்."

"சொல்லுங்க" என்றாள் லீலா.

அவன் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்தான். அம்சவல்லி அந்த நிமிர்வைப் பார்த்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. குரல்கூட வேறாக இருந்தது. வார்த்தை குழறினாலும் நிறுத்தி நிறுத்தி, நேரம் சொல்லிச் சொல்லி, கணக்காக வந்தது.

"காலையில நாலரைக்கு அம்சா என்னப் பின்பக்கம் இட்டுகினு போவும். கக்கூஸுக்கு ரெண்டு படி. வலது கால் தூக்காது. அது குனிஞ்சி, கால எடுத்து மேல வெக்கும். அஞ்சேகாலுக்கு அது பஸ்ஸுக்குப் போயிடும். அதுலேர்ந்து நாக்காலிதான். ஏழு மணிக்கு அருள்பாண்டி வந்து பொட்டலம் பிரிச்சிக் குடுத்துட்டுப் படுப்பான். இடது கையில சாப்பிடறேன். பாதி கீழ வுழும். கோழி வந்து தின்னுடும், அதனால அம்சாவுக்குத் தெரியாது. பத்து மணிக்கு வெயிலு காலுக்கு வரும். பன்னெண்டுக்கு மூஞ்சிக்கு. நாக்காலிய நகத்திக்கறதில்ல. நகத்தினா சாயுது. ரெண்டு மணிக்கு வெயிலு தானாப் போயிடும்."

"தண்ணி, மருந்தெல்லாம்?"

"மருந்து காலையிலயே குடுத்துடும். தண்ணி ரெண்டு சொம்பு வெச்சிட்டுப் போவும்."

"அதை நீங்களே எடுத்துக் குடிச்சிக்கறீங்களா?"

அவன் தலையைத் திருப்பிக் கதவோரம் பார்த்தான். அம்சவல்லியும் அவனைப் பார்த்தாள். திருப்பிக்கொண்டான்.

"குடிக்கறதில்ல மேடம்."

"ஏன்?"

"குடிச்சா ஒண்ணுக்கு வரும். வந்தா பின்பக்கம் போவணும், ரெண்டு படி ஏறணும். போன வருசம் ஆடி மாசத்துல ஒரு தபா சொவத்தப் புடிச்சிகினே போனேன். வுழுந்துட்டேன். நவுந்து நவுந்து நாக்காலிக்கு வந்து சேர ரெண்டு மணி நேரம் ஆச்சு. வேட்டியெல்லாம் நனஞ்சிட்டுது. அது வர்றதுக்குள்ள வெயில்ல காய வெச்சிக்கினேன். அன்னியிலேர்ந்து அது போனதுலேர்ந்து திரும்பி வர்ற வரிக்கும் தண்ணி குடிக்கறதில்ல. சொம்பு அப்புடியே இருந்தா அது கேக்கும். அதனால கறிவேப்பிலைச் செடிக்கு ஊத்திடுவேன். தோ, பக்கத்துலயே கீது, கைக்கு எட்டும்."

அம்சவல்லி கதவைப் பிடித்துக்கொண்டு கீழே உட்கார்ந்துவிட்டாள்.

"அந்த அருள்பாண்டிங்கறவரை எழுப்பலாமே?" என்றாள் லீலா. அது படிவத்தில் இருக்கிற கேள்வி இல்லை.

"ராத்திரி முழுக்க வண்டி ஓட்டிட்டு வர்றவன் மேடம். தூக்கம் கெட்டு வண்டி ஏறுனான்னா யார்மேலயாவது வுட்டுடுவான்." ஒரு நிமிஷம் யோசித்தான். வேறு ஏதாவது விட்டுப்போயிற்றா என்று யோசிக்கிற மாதிரி. "அவ்ளோதான் மேடம். முடிஞ்சிது."

போனில் விசைப்பலகை தட்டும் சத்தம் வெகுநேரம் கேட்டது.

"நீங்க சொன்னதை நீங்க சொன்ன மாதிரியே எழுதிட்டேன் ஐயா. நேரம் உட்பட. மேல அனுப்பறேன். முடிவு அவங்க எடுக்கறது, நான் வாக்கு கொடுக்க முடியாது. மெசேஜ் வரும்." கொஞ்சம் நிறுத்தி, "அம்மாவும் கேட்டிருப்பாங்க, இல்லையா?" என்றாள்.

"கேட்டுச்சு மேடம்."

"சரி. வெக்கறேன்."

அவனுக்கு இடது கையில் சிவப்பைத் தொட வரவில்லை. லீலாவே வைத்துவிட்டாள்.

அம்சவல்லி எழுந்து வந்தாள். வந்து அவன் தோளில் ஒன்று வைத்தாள். நிஜமாகவே அடித்தாள். அடித்த கையாலேயே அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டு ஓவென்று அழுதாள்.

"பாவி மனுசா! அந்தச் செடியில பறிச்சிப் பறிச்சி உனக்கேதானேய்யா கொழம்பு தாளிச்சிக் கொட்டினேன். இம்மா நாளா ஒரு வார்த்த சொன்னியா? நீர்க்கடுப்புன்னு துடிக்கறப்பகூடச் சொல்லலியே. நான் இன்னாத்துக்கு இருக்கேன்?"

"சொன்னா நீ வேலைக்குப் போவ மாட்ட" என்றான் அவன். "நீ போவலன்னா சோறு?"

அழுகைச் சத்தத்தில் அருள்பாண்டி லுங்கியை இறுக்கிக்கொண்டே ஓடிவந்தான். என்னாச்சு மதினி, யாருக்கு என்னாச்சு என்று தூக்கக் கண்ணோடு சுற்றுமுற்றும் பார்த்தான். அவள் மூக்கைச் சிந்திக்கொண்டே சொன்னாள். கேட்டுவிட்டு அவன் வாசற்படியில் அப்படியே நின்றான். "என்னைய ஒரு சத்தம் குடுத்திருந்தா ஓடியாந்திருக்க மாட்டேனா அண்ணே" என்றான்.

அவள் உள்ளே போய்ப் பானையிலிருந்து ஒரு சொம்பு மொண்டு வந்தாள். அவன் கையில் கொடுத்தாள். அவன் வாங்கிக்கொண்டு, பழக்கதோஷம், வெயில் எங்கே இருக்கிறது என்று பார்த்தான். அப்போதுதான் முழங்காலுக்கு ஏறிக்கொண்டிருந்தது.

"இன்னா பாக்கற? நான் கீறேன்ல. குடி."

குடித்தான். முதலில் ஒரு வாய். அப்புறம் நிறுத்தவேயில்லை. கழுத்தில் வழிந்து வெள்ளைச் சட்டையெல்லாம் நனைந்தது. சொம்பைக் கீழே வைத்துவிட்டு, இன்னொன்று இருக்குமா என்று கேட்டான். அரை மணி கழித்து அவளும் அருள்பாண்டியும் ஆளுக்கொரு பக்கம் பிடித்துப் பின்பக்கம் கூட்டிப் போனார்கள். வேலை நாள் ஒன்றில் பட்டப்பகல் பன்னிரண்டு மணிக்கு அவன் அந்தப் படி ஏறியது கிட்டத்தட்ட ஒரு வருஷத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான்.

மெசேஜுக்காக அம்சவல்லி காத்திருக்கவில்லை. அன்று சாயங்காலமே ரத்னாவிடம் போய், திங்கட்கிழமையிலிருந்து வரேன் என்றாள். பணம் வந்துடுச்சா என்றாள் ரத்னா. வரும், வராது, அத அப்பால பாத்துக்கலாம் என்றாள் இவள். கேண்டீனில் கடைசி நாள், போனை வாங்கிக்கொண்டு டோக்கனைத் திருப்பிக் கொடுத்தபோது, செக்யூரிட்டிக்காரர் ஏம்மா நின்னுட்ட, உடம்புக்கு முடியலியா என்று கேட்டார். "வூட்ல ஷிப்டு மாத்திட்டாங்க" என்றாள்.

வீட்டில் புதுச் சத்தமொன்று வந்தது. மெஸ்ஸிலிருந்து பத்து மணிக்கு அவள் உள்ளே நுழைகிறபோது, என்னய்யா ரிப்போர்ட்டு என்பாள். அவனும் உள்ளது உள்ளபடி சொல்வான். ஏழரைக்கு இட்லி, ரெண்டு கீழே விழுந்தது, கால் மரத்திருக்கு, தண்ணி அரைச் சொம்பு, இப்ப போகணும் என்பான். அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அவன் அக்குளில் கை கொடுப்பாள். அருள்பாண்டி பின்பக்கப் படிக்கு ஒரு இரும்புக் குழாயை வளைத்துக் கைப்பிடி வைத்துக் கொடுத்தான்.

பதினைந்து நாள் கழித்து மெசேஜ் வந்தது. மறு விசாரணை ஏற்கப்பட்டது, மனு பரிசீலனையில் உள்ளது. முனிரத்தினத்திடம் காட்டினாள். "இது நல்ல மெசேஜுதான்க்கா, கதவு தெறந்துகீது" என்றான். மறுபடி போன் வரலாம், போனைப் பக்கத்திலேயே வைத்துக்கொள் என்றான். இப்போது போன் எந்த டப்பாவுக்குள்ளும் போவதில்லை.

அன்றைக்கு வீட்டுக்கு வந்தவள் வாசலில் நின்றாள். கறிவேப்பிலை இலையெல்லாம் சுருண்டிருந்தது. நுனிக் கொத்து மஞ்சள் பாய்ந்து தொங்கியது. டப்பா மண் வெடித்திருந்தது. தொட்டதும் நாலு இலை உதிர்ந்து அவள் காலில் விழுந்தது.

அதைப் பார்த்து அவளுக்கு வயிறு குளிர்ந்தது. கொஞ்ச நேரம் அதன் எதிரிலேயே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு உள்ளே போய், அரிசி களைந்த தண்ணீரைக் கொண்டுவந்து தன் கையாலேயே அதற்கு ஊற்றினாள்.